மேலே தணல், கீழே தணல்: தங்கவயலில் ஒரு காப்ளர்

அடியில் பழம், மேலே மாவு. பீச் காப்ளரின் அமைப்பு இவ்வளவுதான். பை செய்யும்போது அடிக்கும் ஓரத்துக்கும் மாவைத் தேய்த்துப் பரப்ப வேண்டும். இதற்கு அந்த வேலை இல்லை. 19ஆம் நூற்றாண்டில் அமெரிக்காவில் மேற்கு நோக்கிக் குடியேறியவர்களிடம் ஓவன் இல்லை. கனமான வார்ப்பிரும்புச் சட்டியில் பழத்தைப் போட்டு, மாவை உருட்டி மேலே வைத்து, மூடி, அந்த மூடியின் மேலும் தணலை அள்ளிக் கொட்டிச் சுட்டார்கள்.

இந்த முறை நம் வீடுகளுக்கும் அந்நியமில்லை. கரி அடுப்பில் பாத்திரத்தை ஏற்றி, தட்டால் மூடி, தட்டின் மேல் தணல் வைத்துக் கேக் சுட்ட வீடுகள் நம்மிடையே உண்டு. கோலார் தங்கவயலில் சுட்ட பண்டங்களின் மரபு இன்னும் ஆழமானது. 1880ஆம் ஆண்டு தங்கச் சுரங்கம் நடத்த ஜான் டெய்லர் நிறுவனம் இங்கே கால்வைத்தது. அதைத் தொடர்ந்து இங்கிலாந்தின் கார்ன்வால் பகுதிச் சுரங்கக்காரர்கள் வந்தார்கள். வட ஆற்காடு, சேலம் பக்கமிருந்து தமிழ்த் தொழிலாளர்கள் வந்தார்கள். ஆங்கிலோ இந்தியக் குடும்பங்களும் வேரூன்றின. ஊருக்குக் குட்டி இங்கிலாந்து என்றே பேர். 2001 பிப்ரவரி 28இல் சுரங்கங்கள் மூடப்பட்டன. ஆனால் ஆங்கிலோ இந்தியக் குடும்பங்களின் சமையல் மூடப்படவில்லை. தங்கவயலைச் சேர்ந்த பிரிஜெட் வைட்-குமார் எழுதிய ஆங்கிலோ இந்தியச் சமையல் புத்தகங்கள் அதற்குச் சாட்சி.

இனி அடுப்படிக்குப் போவோம். ஒரு கிலோ பீச் பழத்தைக் கொதிநீரில் ஒரு நிமிடம் போட்டெடுத்துக் குளிர்ந்த நீருக்கு மாற்றினால் தோல் வழுக்கிக்கொண்டு வரும். கொட்டையை நீக்கித் துண்டு போட்டு, 100 கிராம் சர்க்கரை, ஒரு மேசைக்கரண்டி கார்ன்ஃப்ளார், அரை எலுமிச்சைச் சாறு, சிட்டிகை பட்டைத் தூள் கலந்து அடுப்பில் கொதிவரும்வரை வையுங்கள். எலுமிச்சை, பழம் கறுப்பதைத் தடுக்கும். கார்ன்ஃப்ளார் கொதியில்தான் சாற்றைக் கெட்டியாக்கும். கொதிக்காத பழம் நீர்த்தே கிடக்கும்.

மாவுக்கு 150 கிராம் மைதா, ஒன்றரை டீஸ்பூன் பேக்கிங் பவுடர், இரண்டு கரண்டி சர்க்கரை, சிறிது உப்பு. ஃபிரிட்ஜிலிருந்து எடுத்த 75 கிராம் வெண்ணெயை அதில் போட்டு, புட்டு மாவு போல உதிரும்வரை விரல்நுனியால் பிசிறுங்கள். வெண்ணெய் உருகக் கூடாது. அதில் ஆறில் ஒரு பங்கு தண்ணீர். சூட்டில் அது ஆவியாகி விரியும்போதுதான் மாவு அடுக்கடுக்காகப் பிரியும். பிறகு அரை டம்ளர் மோரை ஊற்றி மாவு ஒன்றுசேரும் மட்டும் கிளறுங்கள். சப்பாத்திக்குப் பிசைகிற பழக்கத்தில் கை நீண்டால் மாவுக்குள் பசைத்தன்மை முறுக்கேறி, மேல்பாகம் ரப்பராகிவிடும்.

காப்ளர் பெரும்பாலும் கெடுவது அடுத்த கட்டத்தில்தான். ஆறிய பழத்தின் மேல் மாவு வைத்தால் மேலே சிவந்து அடியில் பச்சையாக இருக்கும். பழம் கொதிக்கக் கொதிக்க இருக்கும்போதே, குளிர்ந்த மாவைக் கரண்டி கரண்டியாக இடைவெளி விட்டு வையுங்கள். அடிமாவு பழத்தின் ஆவியில் வேகும். மேல்மாவு ஓவனின் வறண்ட சூட்டில் சிவக்கும். நடுவிலுள்ள இடைவெளி ஆவி வெளியேறும் வழி. 190 டிகிரியில் 40 நிமிடம் போதும்.

ஓவன் இல்லாவிட்டால் குக்கரில் மணல் பரப்பிச் சுடலாம் என்பார்கள். வேகும், ஆனால் சிவக்காது. மேலிருந்து சூடு இறங்காத காப்ளர் பாதிக் காப்ளர்தான். அதற்குத் தட்டின் மேல் தணல் வைக்கும் பழைய முறையே மேல்.

பீச் மரத்துக்குப் பூப்பதற்கு முன் குளிர் வேண்டும். அதனால் நீலகிரியிலும் கொடைக்கானலிலும் காய்க்கும். கோலார் மண்ணில் எதிர்பார்க்க முடியாது. ஆனால் கோலார் மாவட்டத்தின் சீனிவாசபுரம் மாம்பழத்துக்குப் பேர்போனது. பீச்சுக்கு மாற்றாக நான் பரிந்துரைப்பது பாதி பழுத்த கிளிமூக்கு மாம்பழம். புளிப்பும் இருக்கும், கொதியில் குழையவும் குழையாது. பாதாமி மாம்பழம் வேண்டாம், கூழாகிவிடும். கிளிமூக்குக்கு எலுமிச்சையைப் பாதியாகக் குறைத்து, பட்டைக்குப் பதில் கொஞ்சம் சுக்குத்தூள் சேருங்கள். ஓவனிலிருந்து எடுத்ததும் கால்மணி நேரம் தொடாமல் விடுங்கள்; சாறு அப்போதுதான் இறுகும்.