வேகத்தின் விலை

நுழையும்முன்

திறன்பேசியில் விளையாடுவோருக்குக் ‘கேம் மோடு’, ‘பெர்ஃபார்மன்ஸ் மோடு’ என்னும் சொற்கள் பழகியவை. ஒரு பொத்தானைத் தொட்டதும் கருவி வேகம் கொள்கிறது. அந்த வேகம் எங்கிருந்து வருகிறது, அதற்கு ஈடாகக் கருவி எதை இழக்கிறது என்பதை இக்கட்டுரை விளக்குகிறது.

ஒரு நொடியில் அறுபது ஓவியங்கள்

திறன்பேசித் திரையில் ஓடும் விளையாட்டு, விரைந்து மாறும் அசையாப் படங்களின் தொடர்ச்சியே. அப்படங்கள் ஒவ்வொன்றையும் படச்சட்டம் என்பர். திரைப்படத்துக்கு நொடிக்கு 24 படச்சட்டங்கள் போதும். திறன்பேசி விளையாட்டில் பெரும்பாலும் 60. உயர்வகைத் திரைகளில் 120. திரைப்படத்தின் படச்சட்டங்கள் முன்பே எடுத்து வைக்கப்பட்டவை. விளையாட்டிலோ அடுத்த படம் எதுவென்று முன்கூட்டித் தெரியாது. விரல் இடப்பக்கம் நகர்ந்தால் ஒரு படம். வலப்பக்கம் நகர்ந்தால் வேறொரு படம். ஆகவே, ஒவ்வொன்றையும் அந்தந்தக் கணத்தில் புதிதாக வரைந்தாக வேண்டும்.

நொடிக்கு 60 படச்சட்டங்கள் என்றால், ஒன்றை வரையக் கிடைக்கும் காலம் 16.7 மில்லி வினாடி. 120 என்றால் 8.3 மில்லி வினாடி. இதற்குள் மையச் செயலகம் ஆட்டத்தின் விதிகளைக் கணக்கிடுகிறது. எதிராளி எங்கே நிற்கிறார், பந்து எங்கே விழும் என்பனவற்றை முடிவுசெய்து வரைகலைச் செயலகத்திடம் ஒப்படைக்கிறது. அது ஒளியும் நிழலும் வண்ணமும் சேர்த்துப் படமாக்குகிறது. குறித்த காலத்துக்குள் படம் ஆயத்தமாகாவிட்டால், திரை பழைய படத்தையே இன்னொரு முறை காட்டும். அதைத்தான் ஆடுபவர் திணறல் என்று உணர்கிறார். நொடிக்குச் சராசரியாக 57 படங்கள் வந்தாலும், விடுபட்ட மூன்றும் அடுத்தடுத்து விடுபட்டால் ஆட்டம் தடுமாறும். எனவே, சராசரியைவிடச் சீர்மையே இங்கு முதன்மையானது. விளம்பரங்கள் சொல்வது சராசரியைத்தான்.

சிக்கனமே இயல்பு

திறன்பேசி இயல்பாக ஒரு சிக்கனக்காரக் கருவி. நாளின் பெரும்பகுதியில் அதற்குச் செய்தி காட்டுவதும் பாட்டு இசைப்பதும் தவிரப் பெரிய வேலை இல்லை. ஆகவே, அதன் சில்லு எப்போதும் முழு வேகத்தில் இயங்குவதில்லை. வேலையின் அளவைப் பார்த்துத் தன் கடிகார அதிர்வெண்ணை ஏற்றியும் இறக்கியும் கொள்கிறது. சில்லுக்குள்ளும் ‘கோர்’ எனப்படும் கணிப்புப் பகுதிகள் ஒரே தன்மையன அல்ல. ஆற்றல் மிக்க பெரிய கோர்களையும் மின்சாரத்தைக் குறைவாகச் செலவிடும் சிறிய கோர்களையும் ஒரே சில்லில் இணைக்கும் அமைப்பை ஆர்ம் நிறுவனம் 2011ஆம் ஆண்டு அறிவித்தது. இன்றைய திறன்பேசிகளில் மிகப் பெரும்பாலானவை அவ்வழியைப் பின்பற்றுவனவே.

எந்த வேலையை எந்தக் கோரிடம் தருவது, அதை எந்த வேகத்தில் ஓட்டுவது என்பதை இயங்குதளம் முடிவுசெய்கிறது. ஆண்ட்ராய்டின் அடித்தளமான லினக்ஸில், வேகத்தை முடிவுசெய்யும் பகுதிக்குக் ‘கவர்னர்’ என்றே பெயர். வேலை பெருகியதைக் கண்ட பிறகே அது வேகத்தைக் கூட்டும். செய்தி படிப்பவருக்கு இந்தச் சிறு தாமதம் தெரியாது. 16 மில்லி வினாடிக்குள் படம் வரைய வேண்டிய விளையாட்டுக்கோ அது பெருந்தாமதம்.

முறை மாற்றுவது எதை?

செயல்திறன் முறை அத்தாமதத்தைத்தான் முதலில் களைகிறது. நகர மறுத்துத் தேர் நின்றபின் ஆள் கூப்பிடுவது ஒரு வகை. ஆள்கள் வடத்தைப் பிடித்தபடியே காத்திருப்பது மற்றொரு வகை. செயல்திறன் முறை இரண்டாம் வகையைச் சேர்ந்தது. அதிர்வெண் ஒரு குறிப்பிட்ட அளவுக்குக் கீழே இறங்காமல் அது பார்த்துக்கொள்கிறது. விளையாட்டின் முதன்மையான பணிகளைப் பெரிய கோர்களிடம் ஒப்படைக்கிறது. விரலின் அசைவை நொடிக்கு எத்தனை முறை திரை படிக்க வேண்டும் என்பதையும் சில கருவிகளில் உயர்த்துகிறது. பின்னணியில் இயங்கும் செயலிகளை அடக்கி, அறிவிப்புகள் திரையை மறைக்காமல் தடுக்கிறது. இவற்றுள் எவை இடம்பெறும் என்பது நிறுவனத்துக்கு நிறுவனம் வேறுபடும்.

ஆண்ட்ராய்டு 2021ஆம் ஆண்டின் 12ஆம் பதிப்பில் விளையாட்டுகளுக்கெனச் செயல்திறன், மின்சேமிப்பு ஆகிய முறைகளை இயங்குதளத்திலேயே அமைத்தது. ஆப்பிள் நிறுவனம் 2024இல் ஐஓஎஸ் 18இன் வழியே ஐபோனுக்கு இத்தகைய முறையொன்றைக் கொண்டுவந்தது.

இம்முறை சில்லுக்கு இல்லாத ஆற்றல் எதையும் புதிதாகத் தருவதில்லை. சிக்கனத்தின் பொருட்டு அடக்கி வைக்கப்பட்டிருந்த ஆற்றலை அவிழ்த்து விடுகிறது, அவ்வளவே.

மின்னழுத்தத்தின் இருமடி

அவிழ்த்து விட்டதற்கு விலை உண்டு. சில்லு செலவிடும் இயக்கத்திறன், அதிர்வெண்ணுக்கும் மின்னழுத்தத்தின் இருமடிக்கும் நேர்விகிதத்தில் இருக்கும். அதிர்வெண்ணை உயர்த்த வேண்டுமானால் மின்னழுத்தத்தையும் உயர்த்தியாக வேண்டும் என்பதில்தான் சிக்கல் தொடங்குகிறது.

ஒரு சில்லு 0.8 வோல்ட்டில் 2 கிகாஹெர்ட்ஸ் வேகத்திலும், 1 வோல்ட்டில் 3 கிகாஹெர்ட்ஸ் வேகத்திலும் இயங்குவதாகக் கொள்வோம். வேகம் ஒன்றரை மடங்கு ஆயிற்று. மின்னழுத்தம் 1.25 மடங்கு; அதன் இருமடி 1.56. இரண்டையும் பெருக்கினால், செலவிடும் திறன் 2.3 மடங்குக்கும் மேல். வேலை விரைவில் முடிந்துவிடுமே என்று வாதிடலாம். முடியும், முன்பு எடுத்த காலத்தில் மூன்றில் இரண்டு பங்கே ஆகும். அப்படியும் அதே வேலைக்கு ஆகும் ஆற்றல் 1.56 மடங்கு. தவிரவும், விளையாட்டில் வேலை முடிவதே இல்லை. ஒரு படம் முடிந்தால் அடுத்தது காத்திருக்கும்.

5000 மில்லி ஆம்பியர் மணி கொள்ளளவுள்ள மின்கலத்தில் ஏறத்தாழ 19 வாட் மணி ஆற்றல் இருக்கும். கருவி 2 வாட் செலவிட்டால் அது ஒன்பதரை மணி நேரம் வரும். 6 வாட் செலவிட்டால் மூன்று மணி நேரத்தைச் சற்றே தாண்டும்.

வெப்பம் வெளியேறும் வழி

மின்கலம் தீர்ந்தால் மீண்டும் ஏற்றிக்கொள்ளலாம். வெப்பம் அதனினும் கண்டிப்பானது. சில்லு செலவிடும் மின்னாற்றல் முழுவதும் இறுதியில் வெப்பமாகவே மாறுகிறது. மடிக்கணினியில் அதை வெளியேற்ற மின்விசிறி உண்டு. திறன்பேசிகள் பெரும்பாலானவற்றில் மேற்பரப்பைத் தவிர வேறு வாயில் இல்லை. பெரிய குழாய் வழியே நீர் விழுந்து, சிறிய துளை வழியே வடியும் தொட்டியைப் போன்றது அது. முதல் சில நிமிடங்கள் தொட்டி நிரம்பும் காலம். அப்போது குறையொன்றும் தெரியாது. விளிம்பை எட்டியதும் குழாயை ஒடுக்கியே ஆக வேண்டும். அவ்வாறே, வெப்பம் வரம்பைத் தொட்டதும் கருவி தன் அதிர்வெண்ணைத் தானே குறைத்துக்கொள்கிறது. செயல்திறன் முறை அவ்வரம்பைச் சற்றுத் தள்ளி வைக்கலாம்; நீக்க முடியாது. நீக்கினால் சில்லும் மின்கலமும் கையும் சுடும்.

இங்கு நியூட்டனின் குளிர்வு விதி துணைக்கு வருகிறது. ஒரு பொருள் வெப்பத்தை இழக்கும் வேகம், அதற்கும் சூழலுக்கும் உள்ள வெப்பநிலை வேறுபாட்டைப் பொறுத்தது. கருவியின் மேற்பரப்பு 43° செல்சியஸ் வரை சூடேறலாம் என்று கொள்வோம். அறையின் வெப்பநிலை 25° ஆனால் வேறுபாடு 18°. கத்திரி வெயில் காலத்தில் அறை 38° ஆனால் வேறுபாடு வெறும் 5°. வெளியேறும் வெப்பம் மூன்றில் ஒரு பங்குக்கும் கீழே போய்விடுகிறது. ஐபோனைச் சூழல் வெப்பநிலை 35°க்கு மேற்படாத இடத்தில் பயன்படுத்துமாறு ஆப்பிள் நிறுவனம் அறிவுறுத்துகிறது. வேலூரிலோ மதுரையிலோ மே மாதப் பகலில் அவ்வறிவுரையைப் பின்பற்றுவது எளிதன்று.

இந்த ஏற்ற இறக்கத்தைக் கருதியே, 2016இல் வெளிவந்த ஆண்ட்ராய்டு 7 ‘நீடித்த செயல்திறன்’ என்னும் வசதியைச் செயலிகளுக்கு அளித்தது. முதல் ஐந்து நிமிடங்கள் பாய்ந்தோடிப் பின் தளர்வதற்கு மாற்றாக, நெடுநேரம் தாங்கக்கூடிய மிதமான வேகத்தைத் தொடக்கத்திலேயே தேர்ந்துகொள்வது அதன் வழி. நெடுந்தூர ஓட்டக்காரர் எவரும் முதல் சுற்றிலேயே மூச்சை இழப்பதில்லை.

தெரிந்து தெளிவோம்

கண்ணாடி இழையில் ஒளி நொடிக்கு ஏறத்தாழ 2,00,000 கி.மீ. செல்லும். சென்னைக்கும் சிங்கப்பூருக்கும் இடையே ஏறத்தாழ 3,000 கி.மீ. எனவே, சென்னையில் ஆடுபவரின் விளையாட்டுச் சேவையகம் சிங்கப்பூரில் இருந்தால், செய்தி சென்று திரும்பக் குறைந்தது 30 மில்லி வினாடி ஆகும். எந்தச் செயல்திறன் முறையாலும் இக்காலத்தைக் குறைக்க இயலாது.

பொத்தான் யார் கையில்?

வேகத்தை எப்போது அவிழ்ப்பது, எப்போது அடக்குவது என்பதை யார் முடிவுசெய்ய வேண்டும் என்ற வினா இரண்டு முறை உலக அளவில் எழுந்தது. திறன்பேசிகளின் வேகத்தை அளந்து தரவரிசை இடும் சோதனைச் செயலிகள் உண்டு. ஹுவாவே நிறுவனத்தின் சில கருவிகள், அத்தகைய செயலி இயங்குவதை அடையாளம் கண்டு, அப்போது மட்டும் வரம்பைத் தளர்த்திக்கொள்வதை ‘ஆனந்த்டெக்’ இதழ் 2018இல் வெளிப்படுத்தியது. சோதனையில் காட்டிய வேகம், வாங்கியவரின் அன்றாட விளையாட்டில் கிடைக்கவில்லை. ‘3டிமார்க்’ தரவரிசையிலிருந்து அக்கருவிகள் நீக்கப்பட்டன. மறைவில் இருந்த அந்தச் செயல்திறன் முறையைப் பயனரே இயக்கிக்கொள்ளும்படி திறந்துவிடுவதாக அந்நிறுவனம் அறிவித்தது.

2022இல் நேர்ந்தது இதன் மறுபக்கம். சாம்சங் கேலக்சி எஸ்22 கருவிகளில் இருந்த ஒரு சேவை, வெப்பத்தைக் குறைக்கும் பொருட்டு விளையாட்டுகளின் வேகத்தைப் பயனருக்குத் தெரியாமலே மட்டுப்படுத்தியது. சோதனைச் செயலிகளை மட்டும் அது தொடவில்லை. தென்கொரியாவில் எதிர்ப்பு வலுத்தது. அவ்வாண்டு மார்ச்சில், மட்டுப்படுத்தலைத் தவிர்க்கும் உரிமையைப் பயனருக்கு வழங்கும் புதிய பதிப்பு வெளியானது. வெப்பத்தை அடக்கியது பிழையன்று. பொறியியல் நோக்கில் அது தேவையானதே. சொல்லாமல் செய்ததே பிழை.

எப்போது இயக்குவது?

திணறல் எங்கே தோன்றுகிறது என்பதை முதலில் கண்டறிய வேண்டும். ஆட்டம் தொடங்கிய கணத்திலிருந்தே காட்சி விட்டுவிட்டு ஓடினால், சில்லு தேவையான வேகத்துக்கு ஏறவில்லை என்று கொள்ளலாம். செயல்திறன் முறை பெரிதும் உதவும் இடம் இதுவே. முதல் பத்து நிமிடங்கள் சீராக ஓடிப் பின்னர் தடுமாறினால் காரணம் வெப்பம். அந்நிலையில் இம்முறையை இயக்குவது, நிரம்பி வழியும் தொட்டிக்குக் குழாயை மேலும் திறப்பதாகும். காட்சி சீராக இருக்க, எதிராளி மட்டும் ஓரிடத்திலிருந்து மற்றோரிடத்துக்குத் தாவினால் குறை இணைய இணைப்பில் உள்ளது. கருவி என்ன செய்தும் பயனில்லை.

வெப்பத்தால் தடுமாறும் கருவிக்குச் சிறந்த மருந்து, செயல்திறன் முறையில் அன்று, விளையாட்டின் அமைப்புகளில் இருக்கிறது. 120 படச்சட்டங்களை 60 ஆக்கினால் வரைய வேண்டிய படங்கள் பாதியாகும். நிழலின் நுணுக்கத்தையும் படத்தின் தெளிவையும் ஒரு படி குறைத்தால் வரைகலைச் செயலகத்தின் சுமை இறங்கும். சீராக ஓடும் 60, தடுமாறும் 120ஐவிட ஆடுவதற்கு நல்லது. கருவியின் மேலுறையைக் கழற்றுவதும் மின்விசிறியின் கீழ் அமர்வதும் எளிய வழிகள். பலர் அவற்றைப் பொருட்படுத்துவதில்லை.

குறுகிய நேரப் போட்டிக்கு இம்முறை ஏற்றது. சதுரங்கம், சொல் விளையாட்டு போன்றவற்றுக்கு அது வீண்செலவு. அங்கே சில்லு பெரும்பொழுது ஆடுபவரின் சிந்தனைக்காகக் காத்திருக்கிறது.

மின்னேற்றம் செய்துகொண்டே செயல்திறன் முறையில் ஆடுவதைத் தவிர்க்க வேண்டும். சில்லின் வெப்பத்தோடு, மின்னேற்றம் உண்டாக்கும் வெப்பமும் சேர்கிறது. லித்தியம் அயனி மின்கலத்தின் வேதிப்பொருள்கள் மிகு வெப்பத்தில் விரைந்து சிதைகின்றன; நிறைந்த மின்னேற்றத்தோடு வெப்பமும் கூடினால் சிதைவு இன்னும் விரைவாகும். ஒருமுறை இழந்த கொள்ளளவு திரும்புவதில்லை. சில கருவிகளில், மின்கலத்தைத் தொடாமல் வெளி மின்சாரத்தை நேரே சில்லுக்குச் செலுத்தும் வசதி உண்டு. மின்னிணைப்போடு ஆடியே தீர வேண்டுமானால் அதை இயக்கிக்கொள்ளலாம்.

ஆட்டம் முடிந்தபின் இம்முறை தானே விலகுகிறதா என்பதை அமைப்புகளில் ஒருமுறை பார்ப்பது நன்று. சில திறன்பேசிகளில் அது விளையாட்டுக்கு மட்டும் உரியது; வேறு சிலவற்றில் கருவி முழுவதற்கும் உரியது. பின்னதாயின், இரவு அணைக்க மறந்த முறை விடியும்வரை இயக்கத்திலேயே இருக்கும். ஒரே திறன்பேசியைக் குடும்பமே பகிர்ந்துகொள்ளும் வீட்டில், காலையில் அதை எடுத்துக்கொண்டு வேலைக்குப் புறப்படுபவர் ஆடியவராக இருக்க வேண்டும் என்பதில்லை.