சாகண்: ஒரு பெயர், பல எல்லைகள்

நமது சங்கத்துக் குடும்பங்களில் பெரும்பாலோர் வேலை நிமித்தம் இங்கு வந்தவர்கள். சொந்த ஊரைப் பற்றிக் கேட்டால் ஏரி எத்தனை, கோயில் எந்தக் காலத்தது, ஊராட்சித் தலைவர் யார் என்று மடமடவெனச் சொல்வோம். பத்து, பதினைந்து ஆண்டுகளாகக் குடியிருக்கும் சாகணைப் பற்றிக் கேட்டால், கம்பெனி பஸ் நிற்கும் சௌக்குக்கு மேல் பலருக்குச் சொல்ல வராது. நமக்கு இது வந்த ஊர். இங்கேயே பிறந்து பள்ளிக்குப் போகும் நம் பிள்ளைகளுக்கோ இதுதான் சொந்த ஊர். ஆகவே இந்த ஊர் எங்கே அமைந்திருக்கிறது, எப்படி வளர்ந்தது, இதை யார் நிர்வகிக்கிறார்கள் என்பதைச் சற்று விளக்கமாகப் பார்ப்போம்.

இருப்பிடமும் நீரும்

சாகண், புணே மாவட்டத்தின் கேட் தாலுகாவைச் சேர்ந்தது. தாலுகாவின் தலைநகரான கேட் ஊருக்கு, பகத்சிங்குடன் 1931இல் தூக்கிலிடப்பட்ட சிவராம் ராஜகுருவின் நினைவாக இன்று ராஜகுருநகர் என்று பெயர். அவர் பிறந்த ஊர் அது. புணேயிலிருந்து வடக்கே சுமார் 30 கிலோமீட்டரில், நாசிக் செல்லும் தேசிய நெடுஞ்சாலை 60இல் சாகண் இருக்கிறது. தளேகாவிலிருந்து சிக்ராப்பூர் செல்லும் சாலை இந்த நெடுஞ்சாலையை இங்கேதான் வெட்டுகிறது. மும்பைச் சாலையிலிருந்து அகில்யாநகர் (பழைய அகமத்நகர்) சாலைக்குப் புணே நகருக்குள் நுழையாமல் போக வேண்டிய லாரிகள் எல்லாம் இந்த வழியில் வருகின்றன. நாமக்கல் பதிவெண் கொண்ட லாரி ஒன்று தளேகாவ் சௌக்கில் நிற்பதைப் பார்த்து மகிழாத தமிழர் நம்மில் இல்லை!

ஊருக்குத் தெற்கே இந்திராயணி, வடக்கே பாமா. இரண்டும் பீமா நதியில் சேர்கின்றன. இந்திராயணி கலக்கும் இடம் துளாப்பூர். பீமா நதி, இதே மலைத்தொடரில் ஜோதிர்லிங்கத் தலமான பீமாசங்கரில் தோன்றுகிறது. நாம் நிற்கும் இடத்திலிருந்து மேற்குக் கடற்கரை அருகில்தான் இருக்கிறது. ஆனாலும் சகியாத்திரி மலையின் கிழக்குச் சரிவில் இருப்பதால் இங்கு பெய்யும் மழை அரபிக் கடலுக்குப் போவதில்லை. பீமா வழியாகக் கிருஷ்ணாவில் கலந்து வங்கக் கடலை நோக்கிச் செல்கிறது.

இதில் நமக்கும் ஒரு பங்கு உண்டு. 1976இல் மகாராஷ்டிரம், கர்நாடகம், ஆந்திரம் ஆகிய மூன்று மாநிலங்களும் தத்தம் பங்கிலிருந்து தலா 5 டி.எம்.சி. கிருஷ்ணா நீரைச் சென்னையின் குடிநீருக்கு விட்டுத்தர ஒப்புக்கொண்டன. தெலுங்கு கங்கைத் திட்டம் என்ற பெயரில் கால்வாய் வெட்டப்பட்டு, 1996இல் அந்த நீர் தமிழக எல்லையை வந்தடைந்தது. சென்னையில் இருக்கும் நம் உறவினர்கள் குடிக்கும் நீருக்கு இந்த ஆற்றுப்படுகையும் உதவுகிறது என்பதைப் பிள்ளைகளுக்குச் சொல்லலாம்.

கோட்டை நின்ற இடம்

ஊரின் பெயருக்கு ஒரு புராணக் கதை சொல்வார்கள். தசரதரின் தேர்ச் சக்கரம் இங்கே விழுந்ததாம். அதனால் சக்கரேசுவரர் கோயில், அதனால் சாகண். சக்கரேசுவரர் கோயிலில் இறைவன் சிவபெருமான். வளாகத்தில் பழைய சிற்பங்களும் வைக்கப்பட்டுள்ளன. குடும்பத்தோடு ஒருமுறை சென்று வரலாம்.

ஊருக்குள்ளேயே இருக்கும் சங்கிராமதுர்க் கோட்டையை நம்மவர்களில் பலர் பார்த்ததே இல்லை. மராட்டிய நாட்டுக் கோட்டை என்றால் மலையுச்சிதான் நினைவுக்கு வரும். இது சமதளத்தில் அகழி சூழக் கட்டப்பட்டது. இவ்வகைக் கோட்டையை மராத்தியில் 'புயிகோட்' என்பார்கள். நம் வேலூர்க் கோட்டையை நினைத்துக்கொள்ளுங்கள், அளவில் சிறியது. 15ஆம் நூற்றாண்டில் பாமினி சுல்தானின் படைத்தலைவர் மாலிக்-உத்-துஜார் சாகணைத் தளமாகக் கொண்டே கொங்கணத்தின் மீது படையெடுத்தார். பின்னர் அகமத்நகர் நிஜாம்ஷாகி அரசு, புணே, சுபே ஆகிய பகுதிகளோடு சிவநேரி, சாகண் கோட்டைகளையும் மாலோஜி போஸ்லேயின் பொறுப்பில் விட்டது. இந்த மாலோஜியின் பேரர்களில் ஒருவர் சத்ரபதி சிவாஜி மகாராஜ். மற்றொருவர் ஏகோஜி. 1670களில் தஞ்சாவூரைப் பிடித்து, 1855 வரை அங்கே ஆண்ட மராட்டிய மரபைத் தொடங்கியவர் இவர்தான். தஞ்சை அரண்மனைக்கும் சாகண் கோட்டைக்கும் உள்ள உறவு ஒரே குடும்ப உறவு.

1660இல் ஔரங்கசீப்பின் தாய்மாமன் சாயிஸ்தகான் பெரும்படையோடு புணேயில் வந்து இறங்கினார். மழைக்காலம் தொடங்கியதும் ஆறுகள் பெருகின. புணேக்குத் தானியம் வந்து சேரவில்லை. அகமத்நகர்ப் பக்கத்திலிருந்து தடையின்றிப் பொருள் கொண்டுவரச் சாகண் வசதியான இடம் என்று எண்ணி, ஜூன் மாதம் கோட்டையை முற்றுகையிட்டார். கோட்டைத் தலைவர் பிரங்கோஜி நர்சாளா சிறுபடையுடன் ஏறக்குறைய இரண்டு மாதம் தாக்குப் பிடித்தார். ஆகஸ்டு 14 அன்று வடகிழக்குக் கொத்தளத்தின் அடியில் சுரங்கம் தோண்டி வெடி வைத்தார்கள். மறுநாள் கோட்டை பணிந்தது. முகலாயர் தரப்பில் 268 பேர் உயிரிழந்தனர். நர்சாளாவின் வீரத்தைக் கண்ட சாயிஸ்தகான் அவருக்குப் பெரிய பதவி தருவதாகச் சொல்லியும் அவர் ஏற்கவில்லை. சிவாஜியிடமே திரும்பினார்.

இந்த வரலாற்றில் ஒரு பொறியாளனுக்குத் தெரிவது என்னவென்றால், சாகணின் மதிப்பு அதன் சாலைச் சந்திப்பில் இருந்தது என்பதுதான். தானியம் வரும் வழி என்பதற்காகப் படைத்தளபதி விரும்பினார். அதே காரணத்துக்காக வெங்காயமும் உருளைக்கிழங்கும் மிளகாயும் குவியும் பெரிய சந்தை இங்கே உருவாயிற்று. அதே காரணத்துக்காகவே தொழிற்சாலைகளும் வந்தன.

தொழிற்பேட்டை வந்த பிறகு

நம் ஊரில் சிப்காட் என்பதற்கு இங்கே எம்.ஐ.டி.சி. மகாராஷ்டிர அரசு 1962இல் இந்தக் கழகத்தைத் தொடங்கியது. நம் சிப்காட் பிறந்தது 1971இல். சாகணில் பஜாஜ் ஆட்டோ ஆலை 1999இல் வந்தது. 2009இல் போக்ஸ்வாகன் வந்தது. மகிந்திரா, மெர்சிடிஸ் பென்ஸ் ஆகியவையும் வந்தன. அவற்றோடு உதிரிபாகக் கம்பெனிகளும், அவற்றோடு நாமும் வந்தோம். ரயில் பாதை மட்டும் இன்னும் வரவில்லை. புணே-நாசிக் பாதைத் திட்டம் பல ஆண்டுகளாகப் பேசப்படுகிறது. நாராயண்காவ் அருகே கோடத்தில் உள்ள ஜி.எம்.ஆர்.டி. ரேடியோ தொலைநோக்கிக்கு ரயிலால் இடையூறு வரும் என்பதால் பாதையை மாற்ற வேண்டிய கட்டாயம் ஏற்பட்டது.

2011 கணக்கெடுப்பில் சாகணின் மக்கள் தொகை சுமார் 41 ஆயிரம். அத்தனை பேருக்கும் அப்போது ஒரு கிராம பஞ்சாயத்துதான் இருந்தது! 2015இல்தான் சாகண் நகர் பரிஷத் ஆயிற்று.

யார் எல்லை எது?

இருப்புப் பாதைப் பராமரிப்பில் கீமேன் என்று ஒருவர் இருப்பார். எந்தக் கிலோமீட்டர்க் கல்லிலிருந்து எந்தக் கல் வரை தம் பொறுப்பு என்பது அவருக்குத் தூக்கத்திலும் தெரியும். நட்டு கழன்றால் யாரைக் கேட்பது என்ற குழப்பமே வராது. சாகணில் குடியிருப்போருக்கும் அந்தத் தெளிவு தேவைப்படுகிறது.

நாம் 'சாகண்' என்று முகவரியில் எழுதும் இடம் முழுவதும் நகர் பரிஷத்துக்குள் இல்லை. மகாளுங்கே, நிகோஜே, குருளி, காராப்வாடி போன்றவை தனித்தனிக் கிராம பஞ்சாயத்துகளாக வளர்ந்தவை. ஒரே தெருவின் ஒரு பக்கம் ஒரு நிர்வாகத்திலும் மறுபக்கம் வேறு நிர்வாகத்திலும் இருக்கலாம். நம் அன்பர் ஒருவர் தம் வீட்டுத் தெருவிளக்குக்காக மூன்று அலுவலகம் ஏறி இறங்கினார். முதல் இரண்டிலும் "இது எங்கள் எல்லை அல்ல" என்று அனுப்பிவிட்டார்கள். அவர்கள் சொன்னது உண்மைதான். இவருக்கு எல்லை தெரியவில்லை. அலைந்ததில் இரண்டு நாள் சம்பளம் போயிற்று.

பொறுப்புகளைச் சுருக்கமாகப் பார்ப்போம்.

நகர் பரிஷத்: நம் ஊர் நகராட்சி போன்றது. தன் எல்லைக்குள் குடிநீர், குப்பை, சாக்கடை, தெருவிளக்கு, வீட்டுவரி ஆகியவற்றைக் கவனிக்கிறது. 1965ஆம் ஆண்டுச் சட்டப்படி இயங்குகிறது. நகராத்யக்ஷ் எனப்படும் தலைவரை மக்களே நேரடியாகத் தேர்ந்தெடுக்கிறார்கள். நம் ஊர் நகராட்சி ஆணையர் இடத்தில் இங்கே இருப்பவர் முக்யாதிகாரி, மாநில அரசால் நியமிக்கப்படுபவர். உறுப்பினர் இடங்களில் பாதி பெண்களுக்கு.

கிராம பஞ்சாயத்து: தலைவர் சர்பஞ்ச். நம் ஊர் கிராம சபை போலவே இங்கும் உண்டு. ஆண்டுக்குக் குறைந்தது நான்கு முறை கூட வேண்டும். அந்த ஊர் வாக்காளர் பட்டியலில் பெயர் உள்ள ஒவ்வொருவரும் அதன் உறுப்பினர்.

ஜில்லா பரிஷத்: 1962 முதல் நடப்பது. நம் ஊரில் தொடக்கப் பள்ளியையும் ஆரம்ப சுகாதார நிலையத்தையும் மாநில அரசுத் துறைகள் நடத்துகின்றன. இங்கே கிராமப் பகுதிகளில் அவற்றை நடத்துவது ஜில்லா பரிஷத். எனவே பள்ளிக்கூடக் கூரை ஒழுகினால் கேட்க வேண்டிய இடம் வேறு.

எம்.ஐ.டி.சி.: தன் தொழிற்பேட்டை எல்லைக்குள் சாலை, நீர், கட்டட அனுமதி.

பி.எம்.ஆர்.டி.ஏ.: 2015இல் அமைந்தது, சென்னையின் சி.எம்.டி.ஏ. போல. நகராட்சிகளுக்கு வெளியே உள்ள கிராமங்களில் மனைப்பிரிவு, கட்டட அனுமதி இதன் கையில்.

காவல்துறை: சாகண் காவல் நிலையம் 2018 ஆகஸ்டு முதல் பிம்ப்ரி-சின்ச்வட் காவல் ஆணையரகத்தின் கீழ் உள்ளது. அந்த மாநகராட்சிக்கும் சாகணுக்கும் நிர்வாகத் தொடர்பு இல்லை, காவல் எல்லை மட்டும் ஒன்று.

நெடுஞ்சாலை நெரிசலுக்கு நகர் பரிஷத்தைத் திட்டுகிறோம். அது தேசிய நெடுஞ்சாலை, நகர் பரிஷத்தின் சாலை அல்ல.

நாளை மாறக்கூடும்

பிம்ப்ரி, சின்ச்வட், ஆகுர்டி, போசரி ஆகிய நான்கு ஊர்களும் 1970இல் இணைந்து நகராட்சியாகி, 1982இல் மாநகராட்சி ஆயின. நம் ஓசூர் 2019இல் மாநகராட்சி ஆனதையும் அறிவோம். சாகணையும் சுற்றுப் பகுதிகளையும் சேர்த்து ஒரு மாநகராட்சி அமைக்கும் எண்ணம் 2025இல் அரசுத் தரப்பிலிருந்து வெளிப்பட்டது. அப்படி இணைந்தால் ஒரே தண்டவாளத்துக்கு ஒரே பொறுப்பாளர் கிடைப்பார். வரி கூடும், கிராம சபை போய்விடும். எது நல்லது என்பதில் உள்ளூர் மக்களிடையே இரு கருத்தும் உண்டு. அதில் நம் கருத்தையும் சொல்ல வேண்டுமானால் வாக்காளர் பட்டியலில் நம் பெயர் இருக்க வேண்டும்.

நாம் செய்ய வேண்டியவை

முதலாவது, வீட்டுவரி ரசீதை எடுத்துப் பாருங்கள். இங்கே 'கர்பட்டி' என்பார்கள். வாடகை வீடானால் வீட்டுக்காரரிடம் கேளுங்கள். ரசீது எந்த அலுவலகத்தின் பெயரில் இருக்கிறதோ, அதுதான் உங்கள் உள்ளாட்சி.

இரண்டாவது, வாக்குரிமை. ஒருவர் பெயர் ஓர் இடத்தில்தான் இருக்கலாம். ஊரில் இருக்கும் பெயரை இங்கே மாற்றப் படிவம் 8, முதன்முறை சேர்ப்போருக்குப் படிவம் 6. உள்ளாட்சித் தேர்தலும் சட்டமன்ற வாக்காளர் பட்டியலை அடிப்படையாகக் கொண்டே நடப்பதால், ஒரு மாற்றம் எல்லாவற்றுக்கும் உதவும். நம் பகுதி கேட்-ஆளந்தி சட்டமன்றத் தொகுதி, சிரூர் மக்களவைத் தொகுதி. ஊர்ப்பற்றினால் பெயரை அங்கேயே வைத்திருப்பது அவரவர் விருப்பம். ஆனால் அங்கே போய் வாக்களிக்காமல், இங்கேயும் இல்லாமல் இருந்தால் எந்த உறுப்பினர் நம் பேச்சைக் கேட்பார்?

மூன்றாவது, பிறப்புப் பதிவு. குழந்தை எங்கே பிறந்ததோ அங்கேதான் பதிவு. தாய்வீட்டில் பிரசவமானால் அந்த ஊரில், சாகணில் பிறந்தால் மருத்துவமனை இருக்கும் எல்லையின் பதிவாளரிடம். 21 நாட்களுக்குள் கட்டணம் இல்லை. 2023 அக்டோபர் 1க்குப் பின் பிறந்தவர்களுக்குப் பள்ளிச் சேர்க்கைக்கும் பாஸ்போர்ட்டுக்கும் பிறப்புச் சான்றே ஆதாரம். பெயரில் தலைப்பெழுத்தா, தந்தை பெயரா என்பதை முதலிலேயே முடிவு செய்து எழுதுங்கள்.

நான்காவது, மனை வாங்குவோருக்கு. இங்கே கணக்கு குண்டாவில். ஒரு குண்டா 1,089 சதுர அடி, அதாவது நம் கணக்கில் இரண்டரை சென்ட். 'சாத்-பாரா' எனப்படும் 7/12 பத்திரம் நம் பட்டா, அடங்கல் போன்றது. அதில் விற்பவர் பெயர் இருந்தால் மட்டும் போதாது. அந்த எல்லைக்குரிய திட்ட அலுவலகத்தின் அனுமதியும் இருக்கிறதா என்று பாருங்கள். எல்லை தெரியாமல் போட்ட பணம் திரும்புவது கடினம்.

ஐந்தாவது, மராத்தி. அலுவலக விண்ணப்பமும் அறிவிப்பும் அதில்தான். நம் பிள்ளைகள் பள்ளியில் படித்திருக்கிறார்கள். அவர்களையே வாசித்துச் சொல்லச் சொல்லுங்கள். ஊரைப் பற்றி அவர்களும் தெரிந்துகொள்வார்கள்.

அடுத்த சங்கக் கூட்டத்துக்கு வரும்போது, உங்கள் வீடு எந்த எல்லையில் இருக்கிறது என்பதை ஒரு தாளில் எழுதிக் கொண்டு வாருங்கள். ஒரே பஞ்சாயத்தில் இருப்போர் ஒன்றாக அமர்ந்து பேசலாம். ஒரு தெருவிளக்குக்காக ஒருவர் தனியாக அலைவதைவிடப் பத்துக் குடும்பங்கள் சேர்ந்து ஒரு மனு கொடுப்பது எளிது.