இஞ்செரா: ஆயிரம் கண்ணுடைய ரொட்டி

எத்தியோப்பிய வீடுகளில் குடும்பமே ஒரே தட்டைச் சுற்றி உட்கார்ந்து சாப்பிடுகிறது. தட்டு நிறைய விரித்திருக்கும் மெத்தென்ற, லேசாகப் புளிக்கும் ரொட்டிதான் இஞ்செரா. வொட் எனப்படும் காரக் குழம்பையும் பருப்பையும் கீரையையும் அதன் மேலேயே பரிமாறுகிறார்கள். ஓரத்திலிருந்து பிய்த்து, குழம்போடு சேர்த்துச் சுருட்டி, வலது கையால் உண்கிறார்கள். பக்கத்தில் இருப்பவருக்கு ஒரு கவளத்தை அன்போடு ஊட்டிவிடும் வழக்கமும் உண்டு; அதற்குக் குர்ஷா என்று பெயர்.

இஞ்செராவுக்கு உரிய தானியம் டெஃப். எத்தியோப்பிய மேட்டுநிலத்தில் பல ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே காட்டுப்புல்லிலிருந்து பயிராக்கப்பட்டது. மழை பொய்த்தாலும் வயலில் நீர் தேங்கினாலும் ஓரளவு தாக்குப்பிடிக்கும். மணியோ மிகச் சிறியது: ஒரு கோதுமை மணியின் எடைக்கு ஏறத்தாழ 150 டெஃப் மணிகள் வேண்டும். இத்தனை பொடியான மணியிலிருந்து தவிட்டைப் பிரிப்பது கடினம் என்பதால் முழுதாகவே அரைக்கிறார்கள். இரும்பு, சுண்ணாம்பு, நார்ச்சத்து எல்லாம் மாவிலேயே தங்கிவிடுகின்றன. நம் கேழ்வரகு இதற்குத் தாவரவியல் முறையில் உறவு. அதுவும் கிழக்கு ஆப்பிரிக்க மேட்டுநிலத்தில் பிறந்து இந்தியாவுக்கு வந்த தானியம்தான்.

கோதுமை மாவைப் பிசையும்போது குளூட்டன் என்னும் புரதம் மீள்தன்மையுள்ள வலையாகப் பின்னிக்கொண்டு காற்றைப் பிடித்துவைக்கிறது. ரொட்டி மெத்தென்று உப்புவது அதனால்தான். டெஃபில் அந்தக் குளூட்டன் இல்லை. அப்படியிருக்க, இஞ்செராவுக்கு மென்மை எப்படி வந்தது? விடை பக்குவத்தில் இருக்கிறது.

முதலில் மாவைத் தண்ணீரில் கரைத்து எர்ஷோவை ஊற்றுகிறார்கள். முன்பு புளித்த மாவின் மேல் தெளிந்து நிற்கும் மஞ்சள் நீரே எர்ஷோ. ஈஸ்டும் லாக்டிக் அமில பாக்டீரியாக்களும் நிறைந்த அந்த நீர்தான் அடுத்த மாவுக்கு உறை. இரண்டு மூன்று நாளில் மாவு புளித்துவிடும். தானியத்தில் இருக்கும் ஃபைடிக் அமிலம் இரும்புச்சத்தைக் கட்டிவைத்து உடலில் சேரவிடாமல் தடுக்கும். புளிக்கும்போது அது குறைகிறது.

அடுத்தது அப்சிட். புளித்த மாவில் கொஞ்சத்தை எடுத்துத் தண்ணீர் விட்டு, கூழாகக் காய்ச்சி, சூடு தணிந்ததும் மீதி மாவோடு கலக்கிறார்கள். ஆப்ப மாவில் கஞ்சி காய்ச்சி ஊற்றுபவர்களுக்கு இதன் பயன் உடனே விளங்கும். வெந்த மாவுச்சத்து குழகுழப்பாகி, குளூட்டன் செய்யவேண்டிய வேலையைச் செய்கிறது. வாயுக் குமிழ்களை நழுவவிடாமல் தாங்குகிறது. மாவு மறுபடி பொங்கி எழுந்ததும் சுடலாம்.

சுடும் கல்லுக்கு மிட்டாட் என்று பெயர், எரித்திரியாவில் மொகோகோ. ஏறக்குறைய இரண்டடி அகலமுள்ள வட்டமான மண்கல் அது. நகரங்களில் இப்போது மின்சார மிட்டாட் வந்துவிட்டது. ஒட்டாமல் இருக்க எண்ணெய் வித்துப் பொடியைக் கல்லில் தேய்த்து, மாவை வெளி விளிம்பில் தொடங்கி நடுவை நோக்கிச் சுற்றிச்சுற்றி ஊற்றுகிறார்கள். குமிழ்கள் வெடித்து மேற்பரப்பெங்கும் கண்கள் திறந்ததும் மூடிவிடுகிறார்கள். மேல்பக்கம் ஆவியிலேயே வெந்துவிடுவதால் திருப்பிப் போடுவதில்லை. கண்கள் நெருக்கமாக, ஒரே சீராக இருந்தால் கைப்பக்குவம் நன்று என்று பொருள். குழம்பை உறிஞ்சிக்கொள்பவையும் அந்தக் கண்களே.

வெள்ளை டெஃபில் சுட்டதற்கு விலையும் மதிப்பும் அதிகம். சிவப்பு டெஃப் இஞ்செராவின் மணமும் சுவையும் அழுத்தமானவை. வாற்கோதுமை, சோளம், மக்காச்சோளம், கேழ்வரகு ஆகியவற்றிலும் சுடுகிறார்கள். சோமாலியாவின் அஞ்சேரோ, யேமனின் லஹோஹ், சூடானின் கிஸ்ரா ஆகியவையும் புளித்த மாவில் சுடும் இதே வகை ரொட்டிகள்தாம். மீந்த இஞ்செராவைப் பிய்த்துக் காரக் குழம்பில் புரட்டினால் ஃபிர்ஃபிர்; அது காலைச் சிற்றுண்டி.

குளூட்டன் ஒவ்வாதவர்கள் தேடத் தொடங்கியதும் டெஃபுக்கு வெளிநாடுகளில் கிராக்கி ஏறியது. உள்நாட்டில் விலை உயரும் என்ற கவலையில், 2006-இல் எத்தியோப்பியா டெஃப் தானிய ஏற்றுமதிக்குத் தடை விதித்தது. சுட்ட இஞ்செராவை மட்டும் அனுப்ப விட்டது. இதற்கிடையே நெதர்லாந்து நிறுவனம் ஒன்று டெஃப் மாவைப் பதப்படுத்தும் முறைக்குக் காப்புரிமை வாங்கிவிட்டது. அதில் கண்டுபிடிப்பு என்று சொல்லத்தக்க எதுவும் இல்லை என்று 2018-இல் ஹேக் நீதிமன்றம் அதைச் செல்லாததாக்கியது.

வெளிநாட்டு உணவகங்களில் இஞ்செரா மாவில் கோதுமை கலப்பதும் உண்டு. குளூட்டன் ஒவ்வாதவர்கள் கேட்டறிந்து சாப்பிடுவது நல்லது. டெஃபைப் பயிராக்கிக் காத்தவர்கள் எத்தியோப்பிய உழவர்கள். குளூட்டன் இல்லாத மாவை மெத்தென்ற ரொட்டியாக்கும் பக்குவத்தைத் தலைமுறை தலைமுறையாகக் கைமாற்றி வந்தவர்கள் அங்குள்ள பெண்கள். உலகம் இந்தத் தானியத்தால் பயனடையும்போது, அதன் வருவாயில் முதல் பங்கு அவர்களுக்கே போய்ச் சேரவேண்டும்.