ரோமில் பிறந்தவரின் ‘மச்சான்’

இத்தாலிக்காரர் ஒருவர் ‘மச்சான்’ என்று ஒரு படம் எடுத்திருக்கிறார், தெரியுமா நேயர்களே? அவர் உபெர்த்தோ பசோலினி. வங்கி வேலையை விட்டு சினிமாவுக்கு வந்தவர். அவர் தயாரித்த ‘தி ஃபுல் மான்ட்டி’, சிறந்த படத்துக்கான ஆஸ்கர் போட்டி வரை போனது. ஆனால், இயக்குநராக அவர் முதலில் வந்து நின்ற இடம் கொழும்பு!

2004-இல் உண்மையிலேயே நடந்த கதைதான் ‘மச்சான்’. ‘நாங்கள்தான் இலங்கையின் ஹேண்ட்பால் அணி’ என்று சொல்லிக்கொண்டு சில இளைஞர்கள் ஜெர்மனிக்குப் போனார்கள். நாட்டில் அப்படியோர் அணியே கிடையாது! அங்கே ஆடித் தோற்றார்கள், அப்புறம் மொத்தமாக மாயமானார்கள். இலங்கை நடிகர்களை வைத்தே பசோலினி இதைப் படமாக்கினார். அந்த இளைஞர்களை மோசடிக்காரர்களாக அல்ல, பிழைக்க வழி தேடிய மனிதர்களாகவே பரிவோடு காட்டியிருக்கிறார். வாய்ப்புக் கிடைத்தால் அவசியம் பாருங்கள்.