பெயர் செய்த பாவம் என்ன?

சகுனி என்ற வடமொழிச் சொல்லுக்குப் பறவை என்று பொருள். காதுக்கு இனிய சொல்; பொருளும் குற்றமற்றது. ஆயினும் பாரதக் கதையைக் கேட்டு வளர்ந்த நம் வீடுகளில், எந்தத் தாயாவது தன் குழந்தையைத் தொட்டிலில் இட்டுச் "சகுனி!" என்று அழைத்ததுண்டா? விபீஷணன் என்ற பெயருக்கோ பெரும் பயத்தை உண்டாக்குகிறவன் என்பது பொருள். ஆனால் அப்பெயரைக் கேட்ட மாத்திரத்தில் நம் உள்ளத்தில் எழுவது பயமன்று. அறத்தின் பக்கம் வந்து நின்ற ஓர் உத்தமனுடைய உருவமே எழுகிறது. ஒரு பெயருக்கு அகராதி சொல்லும் பொருள் ஒன்று. அதைத் தாங்கியவர்கள் தங்கள் வாழ்க்கையினால் எழுதிவைக்கும் பொருள் மற்றொன்று. முந்தியதைக் காட்டிலும் பிந்தியதே வலிமை மிக்கது.

இந்த உண்மையை உலகம் முழுவதும் அறியும்படி செய்த பெயர் ஒன்று ஜெர்மனி தேசத்தில் உண்டு. ஒரு காலத்தில் அரசர்களும், பாதிரிமார்களும், ரசாயன சாஸ்திரிகளும், கைத்தொழிலாளிகளும் பெருமையுடன் தாங்கிய பெயர் அது. இன்று அத்தேசத்தில் பிறக்கும் ஆண் குழந்தைகளிடையே அதைக் காண்பது அரிதினும் அரிது. அடால்ப் என்பதே அந்தப் பெயர். அதன் பூர்வ கதையைச் சிறிது விசாரிப்போம்.

பழைய ஜெர்மானிய பாஷையில் இது 'அடல்வோல்ப்' என்று வழங்கிற்று. 'அடல்' என்றால் உயர்குலம், குடிப்பெருமை. 'வோல்ப்' என்றால் ஓநாய். ஆகவே 'குலச்சிறப்பு வாய்ந்த ஓநாய்' என்று பொருள் கொள்ளலாம். தமிழிலும் 'அடல்' என்றொரு சொல் உண்டு. வலிமை, வெற்றி என்று அதற்குப் பொருள். இவ்விரண்டுக்கும் உறவு கற்பித்து ஆராய்ச்சி நடத்த வேண்டியதில்லை. ஒலி ஒற்றுமை தற்செயலானதே. ஆனால் 'வோல்ப்' என்பதற்கும் வடமொழியில் ஓநாயைக் குறிக்கும் 'விருகம்' என்ற சொல்லுக்கும் உள்ள உறவு மெய்யானது என்று மொழிநூலார் கூறுவர். தீராப் பசிகொண்ட பீமசேனனுக்கு விருகோதரன், அதாவது ஓநாயின் வயிறு படைத்தவன், என்று ஒரு பெயர் உண்டல்லவா? அந்த விருகமும் ஜெர்மானியருடைய ஓநாயும் ஒரே வேரில் முளைத்தவை.

பெற்ற குழந்தைக்கு ஓநாய் என்று பெயரிடுவார்களா என்று நேயர்கள் வியக்கக்கூடும். நம் நாட்டில் சிங்கம் எப்படியோ, வடதிசைக் காடுகளில் வாழ்ந்த அம்மக்களுக்கு ஓநாய் அப்படி. போர்க்களத்தில் திரியும் பிராணி, அஞ்சாத பிராணி, கூட்டத்தை விட்டுப் பிரியாத பிராணி. அவர்களுடைய பெருந்தெய்வமான ஓடினுக்கு அருகில் இரண்டு ஓநாய்கள் இருந்ததாகப் புராணம் கூறும். நான்காம் நூற்றாண்டில் விவிலிய நூலைக் காத்திய பாஷையில் பெயர்த்தெழுதிய பாதிரியாரின் பெயர் வுல்பிலா. 'சிறிய ஓநாய்' என்று அதற்குப் பொருள். சங்கீத மேதை மோஸார்ட், மகாகவி கதே ஆகிய இருவருக்கும் பொதுவான வோல்ப்காங் என்ற பெயரிலும் அந்த ஓநாயே இருக்கிறது. ருடால்ப் என்பதிலும் அதுவே. புகழ்பெற்ற ஓநாய் என்று பொருள்.

மற்றொரு விசேஷமும் உண்டு. பழைய ஜெர்மானியர் இரண்டு சொற்களை ஒட்டி ஒரு பெயரை அமைப்பார்கள். பாட்டன் பெயரிலிருந்து ஒரு பாதியையும், வேறோர் உறவினர் பெயரிலிருந்து மற்றொரு பாதியையும் எடுத்துச் சேர்ப்பதுண்டு. இரண்டு பாதிகளும் சேர்ந்து பொருள் தரவேண்டும் என்ற நிர்ப்பந்தம் இல்லை. குலத்தின் தொடர்ச்சியைக் காட்டுவதே முக்கியம். இங்கிலாந்தில் மகா ஆல்பிரட் என்று புகழ்பெற்ற அரசருடைய தகப்பனாரின் பெயர் எதெல்வுல்ப். 839-ம் வருஷம் முதல் 858 வரையில் வெஸ்ஸெக்ஸ் நாட்டை ஆண்ட அவருடைய பெயரும் அடால்ப் என்பதும் ஒன்றே. கடல் கடந்ததனால் உருவம் சிறிது மாறிற்று.

ஜெர்மனியின் மத்தியகாலச் சரித்திரத்தில் அடால்புகளுக்குக் குறைவே இல்லை. 1143-ல் லூபெக் நகரத்தை நிறுவிய ஹோல்ஸ்டைன் பிரபு ஓர் அடால்ப். 1292-ல் ஜெர்மானிய அரசராகத் தேர்ந்தெடுக்கப்பெற்று, 1298-ல் போர்க்களத்தில் மாண்ட நாஸோ பிரபு மற்றோர் அடால்ப். ஆனால் இப்பெயரை வீட்டுக்கு வீடு பரப்பிய புகழ் ஸ்வீடன் தேசத்து அரசர் கஸ்டாவ் அடால்புக்கே பெரும்பாலும் உரியது. தாய்வழிப் பாட்டனாருடைய பெயரையே அவர் தாங்கியிருந்தார். முப்பது வருஷ யுத்தத்தில் புராடஸ்டண்டு மதத்தினருக்குத் துணையாக வந்து, 1632-ல் லூட்ஸன் களத்தில் உயிர் துறந்தார். இருநூறு வருஷம் கழித்து அவர் பெயரால் ஒரு தரும சங்கமே ஏற்பட்டது. புராடஸ்டண்டு குடும்பங்கள் அப்பெயரை ஆசையுடன் தம் குழந்தைகளுக்கு இட்டன.

கத்தோலிக்கர்களும் பின்வாங்கவில்லை. செருப்புத் தைக்கும் தொழிலைச் செய்துவந்து, பிறகு கல்வி கற்றுப் பாதிரியாரான அடால்ப் கோல்பிங் என்பவர், ஊர் ஊராக வேலை தேடி அலையும் இளந்தொழிலாளிகளுக்காக 1849-ல் கொலோன் நகரில் ஒரு சங்கத்தை ஏற்படுத்தினார். யூதர்களும் இப்பெயரை விரும்பினார்கள். அமெரிக்காவில் நியூயார்க் டைம்ஸ் பத்திரிகையை 1896-ல் வாங்கி அதற்குப் பெருமை தேடித் தந்த அடால்ப் ஆக்ஸ், பவேரியாவிலிருந்து குடியேறிய யூதப் பெற்றோருடைய புதல்வர்.

நம் தேசத்தின் கதையிலும் ஓர் அடால்ப் மறைமுகமாகக் குறுக்கிடுகிறார். அவர் ரசாயன சாஸ்திரி அடால்ப் வான் பையர். செடியின் உதவியில்லாமலே நீலச் சாயத்தை உண்டாக்கும் வித்தையை ஆராய்ந்து கண்டவர் அவர். 1905-ல் நோபல் பரிசு பெற்றார். அவருடைய தாயார் யூத மரபில் வந்தவர். 1897-ல் ஜெர்மானியக் கம்பெனியின் செயற்கை நீலம் சந்தைக்கு வந்தது; இந்திய நீலத்தின் விலை சரிந்தது. சம்பாரண் ஜில்லாவில் வெள்ளைத் தோட்டக்காரர்கள் தங்கள் நஷ்டத்தைக் குடியானவர்களின் தலையில் சுமத்தினார்கள். 1917-ல் காந்தியடிகள் அங்கே சென்றதற்குக் காரணமாக இருந்த துயரத்தின் ஒரு நுனி, ஓர் அடால்பினுடைய ஆராய்ச்சிச்சாலையில் இருக்கிறது. பையர் செய்தது விஞ்ஞானம். அதனால் விளைந்த கொடுமை தோட்டக்காரர்களுடையது. இதையும் மறந்துவிடலாகாது.

இவ்வாறு அரசரும் அறிஞரும், மூன்று மதத்தினரும் தாங்கிய பெயரைத்தான், 1889-ம் வருஷம் ஏப்ரல் 20-ம் தேதி, ஆஸ்திரியாவின் எல்லையிலுள்ள பிரானவ் என்ற சிறிய ஊரில், சுங்க இலாகா உத்தியோகஸ்தர் ஒருவர் தம் மகனுக்கும் இட்டார். அந்தக் குழந்தைதான் ஹிட்லர். அவன் தன் பெயரின் பொருளை அறிந்திருந்தான். அதில் அவனுக்கு மோகமும் இருந்தது. ஆரம்ப காலத்தில் 'வோல்ப்' என்று புனைபெயர் பூண்டு திரிந்தான். யுத்த காலத்தில் தன் தலைமைப் பாசறைக்கு 'ஓநாய்க் குகை' என்னும் பொருள்படப் பெயரிட்டான். 1933-ல் அவன் அதிகாரத்தைக் கைப்பற்றிய பிறகு, தலைவனிடம் பக்தி காட்ட விரும்பியவர்கள் தங்கள் பிள்ளைகளுக்கு அந்தப் பெயரைச் சூட்டினார்கள்.

பெயரையே விலங்காக மாற்றும் வித்தையும் அவனுடைய ஆட்சிக்குத் தெரிந்திருந்தது. 1938-ம் வருஷம் ஆகஸ்டு மாதத்தில் ஓர் உத்தரவு பிறந்தது. யூதரென்று பார்த்தவுடன் தெரியாத பெயரை உடைய யூத ஆண்கள் ஒவ்வொருவரும் தம் பெயரோடு 'இஸ்ரேல்' என்பதையும், பெண்கள் 'சாரா' என்பதையும் சேர்த்துக்கொள்ள வேண்டும் என்பதே அது. 1939 ஜனவரி முதல் தேதியிலிருந்து அமுலுக்கு வந்தது. கஸ்டாவ் அடால்பின் புகழைக் கேட்டோ, வேறு காரணத்தினாலோ தன் மகனுக்கு அடால்ப் என்று பெயரிட்ட யூதத் தகப்பன் இருந்தானே, அவன் மகன் கதி என்ன? 'அடால்ப் இஸ்ரேல்' என்று கையெழுத்திட வேண்டியதாயிற்று. கொடுங்கோலனின் பெயரும், அவனால் வேட்டையாடப்பட்டவர்களின் அடையாளமும் ஒரே மனிதனுடைய பெயரில் அருகருகே நின்றன. பெயர்களைக் குறித்துவைத்த ஜாபிதாவிலிருந்து மரண முகாம்களுக்கு வழி நீண்டது. அறுபது லட்சம் யூதர்கள் கொல்லப்பட்டனர்.

அதே காலத்தில், அதே பெயருடைய வேறு மனிதர்களும் ஜெர்மனியில் இருந்தார்கள். அவர்களில் ஒருவர் அடால்ப் ரைக்வைன். 1898-ல் பிறந்த அவர் கல்விப் பேராசிரியராக ஹால்லே நகரில் இருந்தார். 1933-ல் நாஜிகள் அவரை வேலையிலிருந்து நீக்கினார்கள். பேராசிரியர் அதற்காகச் சோர்ந்துவிடவில்லை. டீபன்ஸே என்ற குக்கிராமத்தில் ஒரே அறையுள்ள பள்ளிக்கூடத்திற்கு உபாத்தியாயராகச் சென்றார். கையினால் செய்தும், கண்ணால் பார்த்தும், தாமே யோசித்தும் கற்கும்படி கிராமக் குழந்தைகளைப் பழக்கினார். யோசிக்கக் கற்ற குழந்தையைக் கொடுங்கோலனால் எளிதில் ஏமாற்ற முடியாது அல்லவா? பின்னர், ஹிட்லருக்குப் பிறகு ஜெர்மனியில் எத்தகைய ஆட்சி ஏற்பட வேண்டும் என்று இரகசியமாகக் கூடி ஆலோசித்த கிரைஸவ் குழுவில் அவர் சேர்ந்தார். 1944 ஜூலையில் கைதானார். அக்டோபர் 20-ம் தேதி மரண தண்டனை விதிக்கப்பட்டு, அன்றைய தினமே பெர்லின் பிளாட்ஸன்ஸே சிறையில் தூக்கிலிடப்பட்டார். நான்கு குழந்தைகள் தகப்பனை இழந்தன.

மற்றொருவர் அடால்ப் கிரிம்மே. ஹிட்லர் பிறந்த அதே 1889-ம் வருஷத்தில் பிறந்தவர்; பிரஷ்யாவின் கல்வி மந்திரியாக இருந்தவர். நாஜி எதிர்ப்பாளர்களுடன் தொடர்பு கொண்டதற்காக 1942-ல் கைதாகி, யுத்தம் முடியும் வரையில் சிறையில் இருந்தார். பிற்காலத்தில் வானொலி நிலையத் தலைவராகப் பணியாற்றினார். அவர் ஞாபகார்த்தமாக 1964 முதல் சிறந்த தொலைக்காட்சி நிகழ்ச்சிகளுக்குப் பரிசு அளிக்கப்பட்டு வருகிறது. வெகுகாலம் 'அடால்ப் கிரிம்மே பரிசு' என்றே வழங்கிய அது, பின்னர் முதற்பெயர் நீங்கி, வெறும் 'கிரிம்மே பரிசு' ஆயிற்று.

1945-ல் யுத்தம் முடிந்தது. அந்தப் பெயரின் வாழ்வும் ஜெர்மனியில் ஏறக்குறைய முடிந்தது. சட்டம் அதைத் தடுக்கவில்லை. தடைசெய்த பெயர்கள் என்று ஜெர்மனியில் ஜாபிதா கிடையாது. குழந்தையின் நலத்துக்குப் பங்கம் வருமா என்பதையே பதிவு அதிகாரி பார்க்கிறார். அரசாங்கம் செய்யாததை மக்களே செய்துவிட்டார்கள். விளையாட்டுக் காலணிகளின் மேல் மட்டும் அப்பெயரின் சாயல் மறைவாக ஒட்டிக்கொண்டிருக்கிறது. அடால்ப் டாஸ்லர் என்பவரைச் செல்லமாக ஆடி என்று அழைப்பார்கள். அதையும் அவர் குடும்பப் பெயரின் முற்பாதியையும் சேர்த்துத்தான் 1949-ல் 'அடிடாஸ்' என்ற வியாபாரப் பெயர் பதிவாயிற்று.

பிரான்ஸ் தேசத்தில் 2010-ல் ஒரு நாடகம் அரங்கேறிற்று; 2012-ல் அதுவே திரைப்படமாகவும் வந்தது. விருந்துக்கு வந்த ஒருவர், பிறக்கப் போகும் தம் மகனுக்கு அடால்ப் என்று பெயரிடப் போவதாக விளையாட்டாகச் சொல்கிறார். பழைய பிரெஞ்சு நாவலின் கதாநாயகன் பெயர் அது என்று காரணமும் காட்டுகிறார். அவ்வளவுதான், விருந்து யுத்தகளமாகிவிடுகிறது.

ஆனால் ஸ்பானிய பாஷை பேசும் நாடுகளில் இந்தக் கறை அவ்வளவாகப் படியவில்லை. சர்வாதிகாரத்திலிருந்து ஜனநாயகத்துக்கு ஸ்பெயினை அழைத்துச் சென்ற பிரதம மந்திரியின் பெயர் அடால்போ ஸுவாரெஸ். மாட்ரிட் விமான நிலையத்துக்கு 2014-ல் அவர் பெயரையே சூட்டினார்கள். 1980-ல் சமாதானத்துக்கான நோபல் பரிசைப் பெற்ற அர்ஜென்டினாக்காரர் அடால்போ பெரஸ் எஸ்கிவெல். இராணுவ ஆட்சியின் கொடுமையை எதிர்த்துச் சிறை சென்றவர் அவர். ஓநாயின் பெயரைத் தாங்கி ஆட்டுக்குட்டிகளுக்காகப் போராடியவர் என்று சொல்லலாம்.

அப்படியானால், ஒரு பெயரை மக்கள் ஒதுக்கிவைப்பது மூடத்தனமா? அன்று என்பதே நம் அபிப்பிராயம். எழுத்துக்களுக்குப் பாவமில்லைதான். ஆயினும் மகனையும் மகளையும் இழந்து உயிர் தப்பிய ஒரு முதியவர் தெருவில் நடந்து போகும்போது, அடுத்த வீட்டுத் தாய் அந்தப் பெயரைக் கூவிக் குழந்தையை அழைத்தால், அவர் உள்ளம் என்ன பாடுபடும்? அந்த ஒரு மனிதருக்காக ஒரு நாடு தன் பழைய பெயரொன்றைத் துறப்பது பெருந்தன்மையே ஆகும். பிறர் செய்த பாவச் சுமையைப் பச்சைக் குழந்தையின் தலையில் ஏற்றாமல் இருப்பதும் பெற்றோரின் கடமையே.

ஆனால் பெயரைத் துறப்பது வேறு. பெயரைக் கொண்டு மனிதனை அளப்பது வேறு. பின்னதைத்தான் நாஜிகள் செய்தார்கள். ஒருவனுடைய பெயரைக் கேட்டு அவன் வாழத் தகுந்தவனா அல்லவா என்று தீர்மானித்தார்கள். அந்தத் தப்பிதத்தை நாமும் செய்யாதிருக்க வேண்டுமானால், தூக்குமேடையை ஏற்படுத்தியவனை நினைக்கும்போதெல்லாம், அதில் ஏறிய அடால்ப் ரைக்வைனையும் கூடவே நினைக்க வேண்டும். ஜெர்மனியில் பல பள்ளிக்கூடங்கள் இன்றும் அவருடைய முழுப்பெயரையே வாயிலில் தாங்கி நிற்கின்றன. அதைச் சுருக்கவும் இல்லை, மறைக்கவும் இல்லை. அங்கே கற்கும் பிள்ளைகளுக்கு அந்தப் பெயரின் பொருள் ஓநாயும் அன்று, கொடுங்கோலனும் அன்று. தூக்குக் கயிற்றுக்கும் அஞ்சாத ஒரு கிராமத்து உபாத்தியாயர் என்பதே.