மாருதி இன்ஜினில் ஒரு ரேஸ் கார்

கடலூர்லேருந்து சிதம்பரம் போற பஸ்லயே கம்பியைக் கெட்டியா புடிச்சுக்கிறவங்க நாம. இருந்தாலும் இன்னைக்கு கார் ரேஸ்.

அமெரிக்காவில் ஸ்டாக் கார் ரேஸ்னா, ஆரம்பத்துல கடையில விக்கிற காரையே பந்தயத்துக்குத் தயார் பண்றதா இருந்தது. 1959-ல் முதல் டேடோனா 500 பந்தயத்தை லீ பெட்டி ஜெயிச்சது ஓல்ட்ஸ்மொபைல் கார்ல.

நம்ம பக்கம் சோழவரம். சென்னைக்கு வடக்கே, உலகப்போர் காலத்து விமான ஓடுதளம். 1950-களிலிருந்து அங்கே ரேஸ். ஃபியட், ஹெரால்டு எல்லாம் ஓடின. ஆனா ரேஸுக்குன்னே செஞ்ச கார் வேணும்னா பெரும்பாலும் வெளிநாட்டுலேருந்து வரணும். யாரால முடியும்?

இங்கதான் கோயம்புத்தூர் எஸ். கரிவரதன் வர்றார். வசதியான குடும்பம்தான், ஆனா காரை ஓட்டுறதோட நிக்கல, தானே வடிவமைச்சார். 1980-களின் கடைசியில் மாருதி 800-இன் 796 சிசி இன்ஜினை வைத்து ஒற்றை இருக்கை கார் செய்தார்: ஃபார்முலா மாருதி. எல்லாருக்கும் ஒரே மாதிரி வண்டி. அப்போ பந்தயத்துல தெரியறது பணம் இல்ல, கை. இன்ஜின் சாமானுக்கு லண்டன் போக வேண்டாம், உள்ளூர் கடை போதும். எனக்கு இதுதான் அவரோட பெரிய வேலையாத் தோணுது.

அந்தக் காரில் தொடங்கியவர்களில் ஒருவர் நரேன் கார்த்திகேயன். 2005-ல் ஃபார்முலா ஒன் ஓட்டிய முதல் இந்தியர். கரிவரதன் அதைப் பார்க்கல. 1995-லேயே விமான விபத்தில் இறந்துட்டார். கோவை செட்டிப்பாளையத்து ரேஸ் தளத்துக்கு அவர் பேரு: கரி மோட்டார் ஸ்பீட்வே.