லின் ஹெர்ஷ்மன் லீசன்

லின் ஹெர்ஷ்மன் லீசன் (பிறப்பு: 1941) அமெரிக்க ஊடகக் கலைஞரும் திரைப்பட இயக்குநரும் ஆவார். ஒஹாயோ மாநிலத்தின் கிளீவ்லாந்து நகரில் பிறந்த இவர், சான் பிரான்சிஸ்கோவில் வாழ்ந்து வருகிறார். ஒருவர் யார் என்பதைத் தீர்மானிப்பது அவரது உடலா, அவரைப் பற்றிய ஆவணங்களா, அவரைப் பார்ப்பவர்களா என்ற கேள்வி இவரது படைப்புகளில் தொடர்ந்து எழுப்பப்படுகிறது.

தொடக்கக் காலம்

1960களில் இவர் மெழுகு முகங்களைச் செய்து, அவற்றுடன் ஒலிப்பதிவுக் கருவிகளை இணைத்தார். அந்த முகங்கள் மூச்சுவிட்டன, பார்வையாளரிடம் பேசின. ஒலி கலையாகாது எனக் கருதிய பெர்க்லி பல்கலைக்கழகக் கலை அருங்காட்சியகம், 1972இல் இத்தகைய படைப்பைக் கண்காட்சியிலிருந்து அகற்றியது. அதன்பின் இவர் அருங்காட்சியகத்துக்கு வெளியே இடம் தேடினார். 1973இல் சான் பிரான்சிஸ்கோவின் தாந்தே விடுதியில் ஓர் அறையையே காட்சிப் பொருளாக்கினார்.

ராபர்ட்டா பிரைட்மோர்

1973 முதல் 1978 வரை நடந்த இந்தப் படைப்பே இவருடைய புகழ்பெற்ற ஆக்கம். ராபர்ட்டா ஒரு கற்பனைப் பெண். பொன்னிறப் பொய்முடியும் ஒப்பனையும் அணிந்து, லீசனே ராபர்ட்டாவாக நகரில் நடமாடினார். அறைத்தோழர் தேவை என்று செய்தித்தாளில் விளம்பரம் கொடுத்து, வந்தவர்களைச் சந்தித்தார். ராபர்ட்டாவின் பெயரில் ஓட்டுநர் உரிமமும் கடன் அட்டையும் பெறப்பட்டன. ராபர்ட்டா மனநல மருத்துவரிடமும் சென்றார். பின்னர் வேறு பெண்களும் அதே வேடத்தில் அனுப்பப்பட்டனர்.

உலகில் இல்லாத ஒருவர், அலுவலகப் பதிவேடுகளில் இருப்பவராகிவிட்டார். அடையாளம் என்பது தாள்களாலும் தோற்றத்தாலும் கட்டி எழுப்பப்படக்கூடியது என்பதை இப்படைப்பு நடைமுறையில் காட்டியது. சமூக ஊடகங்களில் புனைபெயர்க் கணக்குகள் தோன்றுவதற்குப் பல ஆண்டுகள் முன்பே இது நிகழ்ந்தது.

தொழில்நுட்பப் படைப்புகள்

1980களின் தொடக்கத்தில் உருவான 'லோர்னா', லேசர் வட்டில் அமைந்த முதல் ஊடாட்டக் கலைப்படைப்பாகக் கருதப்படுகிறது. வீட்டைவிட்டு வெளியேற அஞ்சித் தொலைக்காட்சியே கதியெனக் கிடக்கும் ஒரு பெண்ணின் கதை இது. பார்வையாளர் தொலையியக்கியைக் கொண்டு அவளது அறைப் பொருள்களைத் தேர்ந்தெடுக்கத் தேர்ந்தெடுக்கக் கதை நகர்கிறது. அவளது முடிவும் பார்ப்பவர் கையில் உள்ளது.

1996இல் ராபர்ட்டா 'சைபராபர்ட்டா' என்ற பொம்மையாகத் திரும்பினார். பொம்மையின் கண்களில் கேமராக்கள் இருந்தன. பொம்மையைப் பார்க்க வந்தவர்களை, இணையத்தில் இருந்தவர்கள் அதன் கண் வழியே பார்த்தனர். பார்ப்பவரே பார்க்கப்படுபவராக மாறினார்.

2002இல் வெளியான 'டெக்னோலஸ்ட்' திரைப்படத்தில், ஓர் உயிரியலாளரும் அவர் தம் டி.என்.ஏ.வைக் கொண்டு உருவாக்கும் மூன்று உருக்களும் வருகின்றனர். நான்கு வேடங்களிலும் நடித்தவர் டில்டா சுவின்டன். இதையொட்டி உருவான 'ஏஜென்ட் ரூபி', இணையத்தில் மனிதர்களுடன் உரையாடிய செயற்கை நுண்ணறிவுப் பாத்திரமாகும்.

மதிப்பீடு

இவருடைய பணி நெடுங்காலம் போதிய கவனம் பெறவில்லை. ஜெர்மனியின் கார்ல்ஸ்ரூஹே நகரிலுள்ள இசட்.கே.எம். கலை மையம் 2014இல் நடத்திய பெரிய கண்காட்சிக்குப் பிறகே பரவலாக அறியப்பட்டார். 2022 வெனிஸ் கலைக் கண்காட்சியில் நடுவர் குழுவின் சிறப்புக் குறிப்பைப் பெற்றார். பொய்க் கணக்கு, கண்காணிப்பு கேமரா, உரையாடும் மென்பொருள் ஆகியவை அன்றாட வாழ்வில் கலந்துவிட்ட இன்று, இவருடைய பழைய படைப்புகள் புதிய பொருத்தம் பெற்றுள்ளன.